தகிட தகிட தகதிமி தக தகதிமி: ஆஃப்ரோபீட்ஸ் பீட் ஒன்றை முதலிலிருந்து செய்வது எப்படி

ஆஃப்ரோபீட்ஸில் ஒரு பீட் செய்யலாம் என்று உட்காருகிறவர்கள் பெரும்பாலும் முதலில் கார்டைத்தான் (chord, பல சுரங்கள் ஒன்றாக ஒலிப்பது) தேடுகிறார்கள். நானும் அப்படித்தான் ஆரம்பித்தேன். நாலு மைனர் கார்ட், மேலே கொஞ்சம் பிளக் (மீட்டியதுபோல் சட்டென்று மறையும் சத்தம்), அப்புறம் எங்கேயோ கிடைத்த ஒரு டிரம் லூப். எல்லாம் சுருதியில் இருந்தது, தாளத்திலும் இருந்தது, ஆனால் கேட்டால் உடம்பு அசையவில்லை. இந்த இசையின் மூடு, அதாவது அதன் உணர்வு, தாளத்துக்குள் விட்டுவைத்த இடைவெளியில் இருக்கிறது என்று எனக்குப் பிடிபட ஒரு வருடம் ஆனது. உங்களுக்கு அது ஒரே சாயங்காலத்தில் பிடிபட வேண்டும் என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

தொடங்கும் முன் பெயரில் இருக்கும் குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். ஆஃப்ரோபீட் வேறு, கடைசியில் 'ஸ்' வரும் ஆஃப்ரோபீட்ஸ் வேறு. முன்னது 1960களின் இறுதியிலும் 70களிலும் நைஜீரியாவின் லாகோஸில் ஃபெலா குட்டியும் அவருடைய டிரம்மர் டோனி ஆலனும் வளர்த்தது. பெரிய ஊதுகருவிக் கூட்டம், பத்து இருபது நிமிடம் ஓடும் பாட்டு, ஆட்சியாளர்களை நேருக்கு நேர் கேள்வி கேட்கும் வரிகள். பின்னது 2000க்குப் பிறகு லாகோஸ், கானாவின் அக்ரா, லண்டன் என்று மூன்று ஊர்களுக்கு நடுவே வளர்ந்த பாப் இசை. மேற்கு ஆப்பிரிக்காவின் ஹைலைஃப், ஜூஜு, ஃபூஜி, ஜமைக்காவின் டான்ஸ்ஹால், அமெரிக்காவின் ஹிப்ஹாப் எல்லாம் அதற்குள் கலந்திருக்கின்றன, மூன்று நிமிடத்தில் பாட்டு முடிந்துவிடும். நாம் செய்யப்போவது பின்னதை. ஆனாலும் வேலையை ஆரம்பிக்கும் முன் டோனி ஆலன் வாசிப்பதைப் பத்து நிமிடம் கேட்டுவிட்டு வாருங்கள். கையும் காலும் நாலு தனி ஆட்கள்போல் வாசிக்கும், ஒருவர் அடிக்கும்போது இன்னொருவர் ஒதுங்கிக்கொள்வார். இந்த ஒதுங்கல் இன்றைய பீட்டிலும் அப்படியே இருக்கிறது.

மென்பொருள் எதுவாக இருந்தாலும் சரி. லாகோஸின் வீட்டு அறைகளில் எஃப்எல் ஸ்டுடியோதான் ஆட்சி செய்கிறது, அதனால் பயிற்சி வீடியோக்களும் அதில்தான் அதிகம் கிடைக்கும். கணினி இல்லாதவர்கள் கைபேசியில் பேண்ட்லேப் வைத்தே ஆரம்பிக்கலாம். வேகத்தை 103 பிபிஎம்மில், அதாவது நிமிடத்துக்கு 103 அடியில், வையுங்கள். பொதுவாக 95-லிருந்து 115 வரை எல்லாமே இந்த வகையில் வரும். 103-ல் நடையும் இருக்கும், ஆட்டமும் இருக்கும். இந்த வேகத்தில் ஒரு பார் (நாலு அடி கொண்ட ஒரு தாளச் சுற்று) ஏறத்தாழ 2.33 நொடி, அதைப் பதினாறு கட்டமாகப் பிரித்தால் ஒரு கட்டம் சுமார் 146 மில்லிநொடி. இந்த எண்ணை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், ஷேக்கர் (குலுக்கி வாசிக்கும் கருவி) வரும்போது தேவைப்படும்.

இப்போது கணினியை விட்டுக் கொஞ்சம் தள்ளி உட்காருங்கள். பதினாறு கட்டத்தையும் சொல்கட்டாகச் சொல்லிப் பாருங்கள்: தகிட தகிட தகதிமி தக தகதிமி. மூன்று, மூன்று, நான்கு, இரண்டு, நான்கு, மொத்தம் பதினாறு. ஒவ்வொரு சொல்லின் 'த'விலும் தொடையில் ஒரு தட்டு. அப்படித் தட்டினால் அடி விழுவது 1, 4, 7, 11, 13 ஆகிய கட்டங்களில். கியூபா இசைக்காரர்கள் சன் கிளாவே என்று சொல்வது இதைத்தான். அக்ராவின் கா மக்களிடம் 1960களில் உருவான க்பான்லோகோ என்ற ஆட்ட இசையிலும் இரும்பு மணி இதையேதான் அடிக்கும். அட்லாண்டிக்கின் இரண்டு கரையிலும் இந்தத் தாளம் கேட்பதற்குக் காரணம், அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்டவர்கள் அதைத் தங்களோடு கொண்டுபோனதுதான்.

கை இதைத் தட்டிக்கொண்டிருக்கும்போதே வலது காலால் 1, 5, 9, 13-ல் தரையைத் தட்டுங்கள். முதல் அடியில் கையும் காலும் சேர்ந்து விழும், அப்புறம் பிரிந்துவிடும், 4, 7, 11 மூன்றும் காலுக்கு முன்னும் பின்னும் தனியாகப் போகும், 13-ல் வந்து மறுபடியும் சேரும். இடுப்பு அசைவது இந்தப் பிரிந்து சேருவதால்தான். இது உடம்பில் ஏறாமல் மவுஸைத் தொட வேண்டாம் என்று நான் கண்டிப்பாகவே சொல்வேன். ஐந்து நிமிடம் போதும், பேருந்தில் போகும்போதுகூடச் செய்யலாம்.

சரி, இப்போது கட்டத்துக்கு வருவோம். ரிம்ஷாட், அதாவது ஸ்னேரின் விளிம்பில் குச்சி படும் அந்த 'டக்', அதை 1, 4, 7, 11, 13-ல் வையுங்கள். கிக், அதாவது காலால் அடிக்கும் பெரிய டிரம், 1-லும் 9-லும் பலமாக. இரண்டு பாருக்கு ஒருமுறை மட்டும் 15-ல் மெல்ல ஒன்று, அடுத்த பாரைத் தள்ளிவிடுவதுபோல. கிக் ரொம்பக் கனமாக வேண்டாம், நடுவில் கொஞ்சம் 'தொப்' என்று உருண்டையாக இருக்கட்டும். கைதட்டல் சத்தம் வேண்டுமானால் 13-ல் மட்டும் வையுங்கள். ராக் பழக்கத்தில் 5-லும் 13-லும் ஸ்னேர் வைக்கக் கை தானாகப் போகும், போக விடாதீர்கள். 5-ல் ஒரு ஸ்னேர் விழுந்த உடனே நாலுக்கும் ஏழுக்கும் நடுவே இருந்த ஊஞ்சல் நின்றுவிடும். ஒரு தடவை வைத்துக் கேட்டுவிட்டு எடுத்துப் பாருங்கள், நான் சொல்வது உடனே புரியும்.

ஷேக்கரில் கொஞ்சம் நேரம் செலவழிக்கச் சொல்வேன், ஏனென்றால் பீட் உயிரோடு இருக்கிறதா இல்லையா என்பதை அதுதான் காட்டிக்கொடுக்கும். சாம்பிள் (தயாராகப் பதிவான ஒலித் துண்டு) தொகுப்பில் நூறு ஷேக்கர் இருக்கும், இருந்தாலும் நான் பாதி காலியான ஒரு தீப்பெட்டியை எடுத்துக்கொள்வேன். மின்விசிறியை நிறுத்திவிட்டு, கைபேசியை மேசையில் வைத்து, ஒரு சாண் தள்ளித் தீப்பெட்டியை நாலு பாருக்கு ஆட்டிப் பதிவு செய்வேன். முன்னால் போகும்போது குச்சிகள் அட்டையில் மோதுவது ஒரு சத்தம், பின்னால் இழுக்கும்போது சரிந்து உட்காருவது வேறொரு சத்தம். அந்த 'ச்சிக்-ச்ச' வித்தியாசம் தயாராகக் கிடைக்கும் பல சாம்பிள்களில் இருக்காது. பதிவில் 300 ஹெர்ட்ஸுக்குக் கீழே எல்லாவற்றையும் வெட்டிவிடுங்கள், மேசை அதிர்வு போய்விடும்.

கட்டத்தில் எழுதுவதாக இருந்தால் பதினாறிலும் ஷேக்கர் போகட்டும், ஆனால் எல்லா அடியும் ஒரே பலத்தில் போகக் கூடாது. நாலு நாலாகப் பிரித்தால் வெலாசிட்டி 60, 40, 95, 45 என்று ஏறி இறங்கட்டும், மூன்றாவதில்தான் அழுத்தம். அப்புறம் மொத்த ஷேக்கரையும் 8-லிருந்து 10 மில்லிநொடி பின்னால் தள்ளுங்கள். ஒரு கட்டமே 146 மில்லிநொடி என்று பார்த்தோம், ஆகவே இது பத்தில் ஒரு பங்குகூட இல்லை, பிந்திவிட்டது என்று காது கண்டுபிடிக்காது, ஆனால் பீட் சாய்வு நாற்காலியில் உட்கார்ந்ததுபோல் ஆகிவிடும். ஸ்விங் (ஒன்றுவிட்ட கட்டங்களைச் சற்றுத் தாமதிப்பது) வைப்பதென்றால் 54-லிருந்து 57 சதவீதத்துக்குள் வையுங்கள். ஒரே பாரை நகலெடுத்து எண்பது முறை ஒட்டாமல், குறைந்தது நாலு பாராவது தனித்தனியாக வாசித்து அதைச் சுற்ற விடுங்கள்.

கையால் தட்டும் உயரமான டிரம்மான காங்காவுக்கு இரண்டு மூன்று அடி போதும். ரிம் வாய் மூடியிருக்கும் இடமாகப் பார்த்து, 8-லும் 15, 16-லும் மெல்ல வையுங்கள்.

டாக்கிங் டிரம் பற்றிக் கொஞ்சம் அதிகமாகவே சொல்ல வேண்டும். யொரூபா மக்களின் அந்த முழவு இடை சிறுத்தது. அக்குளில் இடுக்கிக்கொண்டு, பக்கத்துக் கயிறுகளை அழுத்தினால் சுருதி ஏறும், விட்டால் இறங்கும். நம் உடுக்கையின் நடுக்கயிற்றை அழுத்தினால் சத்தம் வளைவதைக் கேட்டிருப்பீர்கள், அதே வழிதான். ஆனால் அங்கே அது நிஜமாகவே பேசும். யொரூபா மொழியில் மேல், நடு, கீழ் என்று மூன்று சுரநிலை உண்டு, ஒரே எழுத்துக் கோவை சுரநிலை மாறினால் வேறு சொல்லாகிவிடும். முழவுக்காரர் அந்த ஏற்ற இறக்கத்தை வாசித்தே ஒருவரைப் பெயர் சொல்லிப் புகழ்வார், பழமொழி சொல்வார். அதனால் சாம்பிளாகக் கிடைக்கும் நீளமான டாக்கிங் டிரம் லூப் ஒன்றை நடுவில் வெட்டித் திருப்பி ஒட்டுவது, யாரோ பேசும் வாக்கியத்தைப் பாதியில் வெட்டி ஒட்டுவது மாதிரி ஆகிவிடலாம். எனக்கு அதில் மனசு ஒப்பவில்லை. எட்டு பாருக்கு ஒருமுறை, கடைசி நாலு கட்டத்தில், கீழிருந்து மேலே வளையும் இரண்டு அடி மட்டும் வைக்கிறேன். அதுவே போதும், அந்த இரண்டு அடி வந்ததும் பீட் எந்த ஊருடையது என்று தெரிந்துவிடும்.

டிரம்ஸ் மட்டும் ஓடும்போதே தலை ஆட வேண்டும். ஆடவில்லையென்றால் கார்டுக்குப் போகாதீர்கள், திரும்பி ஷேக்கருக்குப் போங்கள்.

இப்போது கார்ட். ஏ மைனரில் வைத்துக்கொள்வோம், பாருக்கு ஒன்றாக: எஃப் மேஜர் 7, ஜி, ஏ மைனர் 7, ஈ மைனர் 7. இதில் இரண்டு விஷயம் கவனியுங்கள். சுற்று வீட்டிலிருந்து, அதாவது ஏ மைனரிலிருந்து தொடங்கவில்லை. மூன்றாவது பாரில் வீட்டு வாசலை எட்டிப் பார்த்துவிட்டு மறுபடியும் வெளியே போகிறது. கடைசியில் வருவது ஈ மைனர் என்பதால் ஜி ஷார்ப் இல்லை, ஏ-க்கு இழுக்கும் அந்தக் கயிறும் இல்லை. அதனால் மூன்று நிமிடம் சுற்றினாலும் முடிந்துவிட்டது என்ற எண்ணம் வராது. இரண்டாவது, எஃப் மேஜர் 7-க்குள் ஏ, சி, ஈ மூன்றும் இருக்கின்றன, அதாவது ஒரு மேஜர் கார்டுக்குள் ஏ மைனர் முழுசாக உட்கார்ந்திருக்கிறது. சந்தோஷமும் ஏக்கமும் ஒரே மூச்சில் வரும் அந்த லாகோஸ் சாயங்கால மூடு பெரும்பாலும் இந்த மாதிரி கார்டிலிருந்துதான் வருகிறது. நான் இன்னொன்றும் செய்வேன்: நாலு கார்டிலும் மேல் சுரமாக ஈ-யை அப்படியே பிடித்துக்கொள்வேன். ஜி-யில் அது ஆறாவது சுரமாகிவிடும், மற்ற மூன்றிலும் அது ஏற்கெனவே உண்டு. மேலே ஒன்று அசையாமல் நிற்க, கீழே எல்லாம் நகரும்.

கார்டை மென்மையான எலக்ட்ரிக் பியானோவில் வாசியுங்கள், பார் முழுக்க இழுக்க வேண்டாம். 1-ல் தொட்டு 4-ல் மறுபடி தொட்டு விட்டுவிடலாம்.

கிட்டார் என்றால் ஹைலைஃப் கிட்டார். மேற்கு ஆப்பிரிக்கத் துறைமுகங்களில் மாலுமிகள் கொண்டுவந்த கிட்டாரை, குறிப்பாக லைபீரியாவின் க்ரூ மாலுமிகள், கட்டைவிரலும் ஆள்காட்டிவிரலும் மட்டும் வைத்து மீட்டப் பழகினார்கள். கள் குடிக்கும் இடங்களில் வாசிக்கப்பட்டதால் அதற்குப் பாம்வைன் இசை, நம் வாயால் சொன்னால் கள்ளுக்கடை இசை, என்றே பெயர். அந்தக் கைதான் கானாவின் ஹைலைஃபுக்குப் போய், இன்றைய பீட்டுகளில் பின்னால் மினுமினுக்கும் அந்தக் கிட்டாராக நிற்கிறது. செய்முறை எளிது: ஒரு சின்ன மெட்டை எடுத்து, அதற்கு மூன்றாவது அல்லது ஆறாவது சுரத்தைச் சேர்த்து இரட்டையாக வாசியுங்கள், உள்ளங்கையால் கம்பியைக் கொஞ்சம் அமுக்கிக்கொண்டு. கிட்டார் கையில் இல்லாதவர்கள் பியானோ ரோலில் (மென்பொருளில் சுரங்களைக் கட்டமாக எழுதும் திரை) எழுதும்போது இரண்டு சுரமும் ஒரே கணத்தில் விழாமல் 10-லிருந்து 15 மில்லிநொடி முன்பின்னாக வையுங்கள். நாலு பாரில் இரண்டு பார் வாசித்தால் இரண்டு பார் சும்மா இருக்கட்டும்.

பேஸ் இந்த இசையில் வாசிக்கும் நேரத்தைவிட வாசிக்காத நேரம்தான் அதிகம். சுத்தமான சைன் அலைக்குப் பக்கத்தில் இருக்கும் ஒரு உருண்டைச் சத்தம், ஒரு நேரத்தில் ஒரே சுரம். நாலு பாரில் முதல் பாரில் மட்டும் 1-ல் கிக்கோடு சேர்ந்து விழட்டும். மற்ற மூன்று பாரிலும் 1-ஐக் கிக்குக்கு விட்டுக்கொடுத்து 4, 7, 13-ல் வரட்டும். 4-ம் 7-ம் குட்டை, 13 கொஞ்சம் நீளம். கீழே ஏ-யின் அலைவெண் 55 ஹெர்ட்ஸ், எஃப் 44-க்குப் பக்கம், ஈ 41. கைபேசி ஸ்பீக்கரில் இதெல்லாம் கேட்கவே கேட்காது. அதனால் பேஸில் லேசாக சாச்சுரேஷன் (சத்தத்தைக் கொஞ்சம் கரகரப்பாக்குவது) கொடுத்தால் 165, 220 ஹெர்ட்ஸில் அதன் மேல் ஒலிகள் எழும்பும், கைபேசியில் கேட்பவருக்கும் பேஸ் இருப்பது தெரியும். லாகோஸிலும் சரி சென்னையிலும் சரி, முக்கால்வாசிப் பேர் கேட்பது கைபேசியில்தானே.

தெருவில் ஆடும் துள்ளலான மூடு வேண்டுமென்றால் கணக்கு மாறும். வேகத்தை 112-க்கு ஏற்றி, ரிம்மை 4, 7, 12, 15-ல் வையுங்கள். தகிட தகிட தக இரண்டு முறை, அதில் 1-ம் 9-ம் மட்டும் கிக்குக்கு. பேஸுக்குப் பதிலாக லாக் டிரம். அது தென்னாப்பிரிக்காவின் அமாபியானோ என்ற நடன இசை தந்த சத்தம், எஃப்எல் ஸ்டுடியோவின் டிஎக்ஸ்10 என்ற பழைய கருவியிலிருந்து பிறந்தது, 2020க்குப் பிறகு நைஜீரியப் பாட்டுகளிலும் நிறைந்துவிட்டது. மெதுவான காதல் பீட்டில் அதைக் கொண்டுவராதீர்கள், அது வந்தால் மற்ற எல்லாம் பின்னால் போய்விடும்.

இனி அடுக்குவது. 103-ல் எண்பது பார் என்றால் 3 நிமிடம் 6 நொடி. தொடக்கத்துக்கு 8, சரணத்துக்கு 16, ஹூக்குக்கு (திரும்பத் திரும்ப வரும் பல்லவி) 16, மறுபடி அதே இரண்டும், முடிவுக்கு 8. தொடக்கத்தில் கிட்டாரும் ஷேக்கரும் மட்டும். சரணத்தில் கிக், ரிம், பேஸ் வரட்டும், கிட்டார் ஒதுங்கட்டும். ஹூக்கில் எல்லாம் வரலாம். இரண்டாவது ஹூக்குக்கு முன் ஒரு பார் முழுக்கக் கிக்கையும் பேஸையும் எடுத்துவிட்டு ரிம்மை மட்டும் விடுங்கள், திரும்ப வரும்போது அதன் கனம் இரண்டு மடங்காகத் தெரியும்.

இந்த இடத்தில் நான் பட்ட ஒன்றைச் சொல்கிறேன். ஒருமுறை எனக்கு ரொம்பப் பிடித்த ஒரு பீட்டைப் பாடகர் நண்பர் ஒருவரிடம் கொடுத்தேன். புல்லாங்குழல், கிட்டார், பிளக், கோரஸ் சத்தம், எல்லாமே அழகாக வந்திருந்தது. அவர் மூன்று நாள் கழித்துச் சொன்னார்: "நல்லா இருக்கு, ஆனா நான் எங்க நிக்கிறதுன்னு தெரியல." திரும்பிக் கேட்டுப் பார்த்தேன், அவர் சொன்னது உண்மை, ஒரு பாரில்கூட மூச்சு விட இடமில்லை. அன்றிலிருந்து ஒரு வழக்கம் வைத்திருக்கிறேன். சரணத்தை ஓடவிட்டு, சொல்லே இல்லாமல் நானே முணுமுணுத்துப் பார்ப்பேன், என் குரல் எந்தக் கருவியோடு இடிக்கிறதோ அதைச் சரணத்திலிருந்து எடுத்துவிடுவேன். பெரும்பாலும் முதலில் போவது பிளக்தான்.

மிக்ஸிங்கில் பெரிய வித்தை ஒன்றும் தேவைப்படாது. கிக்கும் பேஸும் மோதினால் சைடுசெயின் போட்டுக் கிக் விழும்போது பேஸ் மூன்று நாலு டெசிபல் தாழட்டும். கார்டிலும் பிளக்கிலும் 1,000-லிருந்து 4,000 ஹெர்ட்ஸ் வரை இரண்டு டெசிபல் குறைத்து வையுங்கள், குரலின் தெளிவு அங்கேதான் வரும். ரிம்முக்குக் குட்டி ரிவர்ப் (அறைக்குள் கேட்பதுபோன்ற எதிரொலி), கிட்டாருக்கு நீளமானது, கிக்குக்கும் பேஸுக்கும் வேண்டவே வேண்டாம். ஷேக்கரைக் கொஞ்சம் இடது, கிட்டாரைக் கொஞ்சம் வலது. முடித்த பிறகு சத்தத்தை ரொம்பக் குறைத்து, பக்கத்து அறையில் போய் நின்று கேளுங்கள். அங்கிருந்தும் ரிம்மின் ஐந்து அடியும் எண்ண முடிந்தால் அளவு சரி.

பாடகருக்கு அனுப்பும்போது மாஸ்டர் பண்ணி (கடைசியில் மொத்தச் சத்தத்தையும் ஏற்றி) நசுக்கிவிடாமல், உச்சம் மைனஸ் 6 டெசிபலில் நிற்கும்படி 24 பிட் வேவ் கோப்பாக எடுங்கள். டிரம்ஸ், பேஸ், கார்ட், கிட்டார் ஒவ்வொன்றையும் தனித்தனிக் கோப்பாகவும், எல்லாமே முதல் பாரிலிருந்து தொடங்கும்படியும் எடுத்து ஒரே ஃபோல்டரில் போடுங்கள். கோப்புப் பெயரிலேயே 103 என்றும் ஏ மைனர் என்றும் எழுதிவிடுங்கள், கூடவே முதல் ஹூக் 25-வது பாரில், 56-வது நொடியில் தொடங்குகிறது என்று ஒரு வரி. அவர் கேட்டுவிட்டு அந்த இடத்திலிருந்து முணுமுணுக்க ஆரம்பித்து ஒரு குரல் பதிவு அனுப்பினால், பீட்டில் அடுத்து எதை எடுக்க வேண்டும் என்று அந்தப் பதிவை வைத்துக்கொண்டு மறுபடி உட்காருங்கள்.